மதியத்தில் மட்டும் அறுந்துபோன ஆட்டம்

எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். இதைச் சொல்லும்போது குரலைக் கொஞ்சம் இறக்கிக்கொள்ளச் சொல்லிப் பலர் எனக்கு அறிவுரை தந்திருக்கிறார்கள். இறக்கியதில்லை. அப்பா எறையூர் சர்க்கரை ஆலைக்குக் கரும்பு ஏற்றிப்போகும் டிராக்டர் ஓட்டியவர். ஆலை வாசலில் வண்டி வரிசையில் நிற்கும்போது, கையில் கொடுக்கும் சீட்டில் என்ன எழுதியிருக்கிறது என்று பக்கத்து டிரைவரிடம் கேட்டுத்தான் தெரிந்துகொள்வார். அவர் மகள் பெரம்பலூரில் ஹாஸ்டலில் தங்கி கம்ப்யூட்டர் சயின்ஸ் முடித்தாள்.

முடித்த வருடமே கல்யாணம். அரியலூர் ரோட்டிலிருந்து உள்ளே தள்ளியிருக்கும் ஓர் ஊரில், பருத்தியும் மக்காச்சோளமும் போடும் குடும்பம். கணவருக்கு சிங்கப்பூரில் வேலை. விடுப்பு முடிந்ததும் போய்விட்டார். வீட்டில் மாமனார், அத்தை, நான். "வேலைக்குப் போலாம், இப்ப என்ன அவசரம், கொஞ்ச நாள் போவட்டும்" என்றார் அத்தை. அந்தக் கொஞ்ச நாள் எப்போது முடியும் என்று கேட்டால் வீட்டில் எல்லோரும் வேறு பேச்சுக்குப் போய்விடுவார்கள். ரோட்டில் பெரம்பலூர் பஸ் ஹார்ன் அடிப்பது சமையலறையில் கேட்கும். அதில் ஏற வேண்டுமானால் துணைக்கு ஓர் ஆள் வேண்டும், போவதற்கு ஒரு காரணம் வேண்டும். இரண்டும் ஒரே நாளில் கிடைப்பது அபூர்வம்.

எனக்கென்று இருந்தது மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு ஒரு மணி நேரம். மாமனார் காட்டுக்குப் போய்விடுவார். அத்தை ஹாலில் கட்டிலில் படுத்துவிடுவார். நான் என் அறைக்கதவோரம் தரையில் உட்கார்ந்து, பிளஸ் டூவில் அரசாங்கம் கொடுத்த லேப்டாப்பை மடியில் வைத்துத் திறப்பேன். ஹாஸ்டலில் ஒரே அறையில் இருந்த மூன்று பேர் அந்த நேரத்துக்குக் காத்திருப்பார்கள். ஒருத்தி சென்னையில் வேலையில் இருக்கிறாள், அவளுக்கு அது சாப்பாட்டு நேரம். ஒருத்தி திருச்சியில் பேங்க் தேர்வுக்குப் படிக்கிறாள். மூன்றாமவள் ஜெயங்கொண்டத்தில் கைக்குழந்தையோடு இருக்கிறாள்.

நாங்கள் ஆடியது பிரௌசரிலேயே ஓடும் ஒரு படம் வரையும் ஆட்டம். ஒருத்திக்கு ஒரு சொல் வரும், அதை வரைய வேண்டும். மற்றவர்கள் பார்த்துக்கொண்டே அது என்னவென்று தட்டச்சு செய்ய வேண்டும். சொற்களை நாமே போட்டு வைக்கலாம். நாங்கள் போட்டவை: வார்டனின் செருப்பு, ஞாயிற்றுக்கிழமை சாம்பார், கடைசி பஸ், பூட்டிய பாத்ரூம். இவற்றை வெளி ஆள் யாரும் கண்டுபிடிக்க முடியாது. வார்டனின் செருப்பை இரண்டு கோட்டில் வரைந்துவிடுவேன். சத்தம் வராமல் சிரிப்பதற்குப் புடவைத் தலைப்பை வாயில் வைத்துக்கொள்வேன்.

அந்த ஆட்டம் அறுந்துபோக ஆரம்பித்தது.

முதல் நாள் ஆட்டத்தின் பக்கமே திறக்கவில்லை. இந்த இணைப்பு பாதுகாப்பானதல்ல என்று சிவப்பு எழுத்தில் எச்சரிக்கை வந்தது. அதை உடனே பிடித்துவிட்டேன். லேப்டாப்பின் உள்ளே கடிகாரத்துக்கு இருக்கும் சின்ன பேட்டரி செத்துப்போயிருந்தது. அதனால் ஒவ்வொரு முறை அணைத்துப் போடும்போதும், நான் பள்ளிக்கூடமே போகாத ஏதோ ஒரு வருடத்துக்குத் தேதி போய்விடும். தேதி தப்பாக இருந்தால் எந்தத் தளமும் நம்மை நம்பாது. தேதியைத் திருத்தினேன், திறந்தது. அன்று முழுக்க என் நடையே வேறாக இருந்திருக்க வேண்டும். "என்ன, புதையல் கெடச்சுதா?" என்றார் அத்தை.

அடுத்த நாளிலிருந்து வேறு கோளாறு. திறக்கும், ஆட்டம் தொடங்கும், நான் பாதி வரைந்துகொண்டிருக்கும்போது கோடு நின்றுவிடும். இணைப்பு துண்டிக்கப்பட்டது, மீண்டும் முயல்கிறோம் என்று நடுவில் ஒரு கட்டம் வந்து, வட்டம் சுற்றிக்கொண்டே இருக்கும். ஆட்டத்துக்கான அறையைத் திறந்து வைத்தவள் நான் என்பதால், நான் அறுந்தால் அறையே மூடிப்போய் நால்வரும் வெளியே வந்து விழுவோம்.

ஒரு வாரம் பொறுத்துக்கொண்டார்கள். பிறகு சென்னைக்காரி குரல் செய்தி அனுப்பினாள்: "ஏய், கோவிச்சுக்காதடி. எனக்கு இருக்கறதே அந்த லஞ்ச் டைம்தான். ஒனக்கு நெட் சரியானதும் சொல்லு, அதுவரைக்கும் நாங்க மூணு பேரும் தனி ரூம் போட்டுக்கறோம்."

அவள் சொன்னதில் தப்பில்லை. ஆனால் எனக்குத் தெரியும், மூன்று பேராக ஆடிப் பழகினால் நான்காவது ஆளுக்காக யாரும் ரொம்ப நாள் இடம் வைத்திருக்க மாட்டார்கள். எல்லாரும் எங்கேயோ போய்க்கொண்டிருந்தார்கள். நான் ஒருத்திதான் கதவோரத்தில்.

சரி, கோளாறைப் பிடிப்போம் என்று உட்கார்ந்தேன். பிரௌசரில் சேர்ந்திருந்த பழைய குப்பையை எல்லாம் துடைத்தேன். வேறு பிரௌசர் போட்டுப் பார்த்தேன். விளம்பரத்தைத் தடுக்கும் நீட்சியை எடுத்தேன். மாற்றமில்லை. வாசல் கதவுக்கு மேலே மாட்டியிருந்த வைஃபை பெட்டியை அணைத்துப் போட்டேன். சிம் போட்டு ஓடும் பெட்டி அது. எங்கள் ஊருக்குக் கேபிள் இன்னும் வரவில்லை. அணைத்துப் போட்டதும் கொஞ்ச நேரம் நன்றாக ஓடியது. அதற்குள் அத்தையின் போன் அடித்தது. ரெட்டிபாளையத்திலிருந்து நாத்தனார், நான் அண்ணி என்று கூப்பிடும் கணவரின் அக்கா. அங்கே சிமெண்ட் ஆலையில் வேலை பார்ப்பவருக்குக் கட்டிக் கொடுத்திருந்தார்கள். அத்தை எழுந்து உட்கார்ந்து அரை மணி நேரம் பேசினார். என் ஆட்டம் அத்தோடு போயிற்று. அதைத் தற்செயல் என்றுதான் நினைத்தேன்.

பிறகு மொட்டை மாடிக்குப் போனேன். வீட்டுக்குள் என் போனில் சிக்னல் ஒரு கோடுகூட நிற்காது, மாடியில் நிற்கும். போனிலிருந்து லேப்டாப்புக்கு நெட் கொடுத்தேன். ஒரு தடங்கலும் இல்லாமல் ஓடியது. அப்படியானால் கோளாறு லேப்டாப்பிலும் இல்லை, ஆட்டத்தின் சர்வரிலும் இல்லை. வீட்டு நெட்டில்தான் ஏதோ இருக்கிறது. இதை நினைத்துச் சந்தோஷப்படுவதற்குள் கீழே இருந்து அத்தை.

"உச்சி வெயில்ல மாடியில என்ன வேல? காயப்போட்ட மொளகாய எண்றியா?"

"நெட் பாக்கறேன் அத்தை."

"நெட்டு வூட்டுக்குள்ளதான இருக்கு? எறங்கு. பாக்கறவங்க என்ன நெனப்பாங்க?"

இறங்கினேன். மாடி அடைபட்டது.

கடைசியாக, கல்லூரியில் லேப் சார் முதல் வாரத்தில் கற்றுக்கொடுத்ததைச் செய்தேன். கறுப்புத் திரையைத் திறந்து பிங் போட்டேன். நம் பக்கத்திலிருந்து ஒரு சின்னக் குரல் கொடுத்து, எதிர்ப்பக்கத்திலிருந்து பதில் வர எவ்வளவு நேரமாகிறது என்று அளப்பதுதான் அது. காலையில் போட்டால் பதில் சட்டென்று வந்தது. சாயங்காலமும் அப்படியே. மதியம், அத்தை படுத்த கொஞ்ச நேரத்தில், எண் ஏற ஆரம்பித்தது. பிறகு பதிலே வராமல் வரிசையாகத் தோல்வி.

வைஃபை பெட்டியின் சொந்தப் பக்கத்தை இன்னொரு ஜன்னலில் திறந்தேன். அதன் கடவுச்சொல் பெட்டிக்குக் கீழேயே ஒட்டியிருந்தது. அந்த வீட்டில் அதைப் படித்த ஒரே ஆள் நான்தான். எந்தெந்தச் சாதனம் எவ்வளவு நெட் எடுக்கிறது என்று அதில் தெரியும். என் லேப்டாப் ஒன்றும் எடுக்கவில்லை. அதற்குக் கீழே கேமரா பெட்டி. வீட்டிலிருந்து வெளியே போகிற நெட் முழுவதையும் அதுதான் உறிஞ்சிக்கொண்டிருந்தது.

அதைப் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அந்த எண் சுழியத்துக்கு விழுந்தது. அதே நொடி கறுப்புத் திரையில் பிங் சரியானது.

நிமிர்ந்து பார்த்தேன். ஹாலின் மூலையில், பீரோவுக்கு மேலே, வெள்ளைக் குமிழாக இருந்தது கேமரா. மோட்டார் ஒயரை யாரோ அறுத்துக்கொண்டு போனதற்கு அப்புறம் கணவர் வாங்கி மாட்டியது. வாசலுக்கு ஒன்று, மாட்டுக்கொட்டகைக்கு ஒன்று, ஹாலுக்கு ஒன்று. இத்தனை நாள் அதன் கீழேதான் நடந்தேன், தலை வாரினேன், தலைப்பை வாயில் வைத்துச் சிரித்தேன். அதை ஒரு பொருளாகவே நினைத்ததில்லை. வெளியே யாரோ போனில் அதைத் திறந்து பார்க்கும்போதெல்லாம் எனக்கு ஆட்டம் அறுந்திருக்கிறது.

எழுந்து அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். அறைக்குள் வைஃபை எட்டாது.

வெள்ளிக்கிழமை கணவர் வீடியோ காலில் வந்தார். நேராகவே கேட்டேன்.

"ஏங்க, மதியத்துல கேமராவ தொறந்து பாக்கறீங்களா?"

"நானா? மதியம் நான் எங்க இருப்பேன்னு நெனக்கிற? போனையே லாக்கர்ல வாங்கி வெச்சுக்கறானுவோ." சிரித்தார். "ஏன், பாக்கற மாதிரி என்ன செஞ்ச?"

"வெளயாடாதீங்க. யாரோ பாக்கறாங்க."

"அக்காவா இருக்கும். அம்மாவுக்கு ஒடம்பு முடியாம கெடந்துச்சுல்ல, அப்ப அது போன்லயும் போட்டுக் குடுத்தேன். பாத்தா பாத்துட்டுப் போவுது, ஒனக்கென்ன?"

எனக்கென்ன என்று அவரிடம் விளக்க எனக்குப் பொறுமை இல்லை. வைஃபை பெட்டியின் பக்கத்தில் ஒவ்வொரு சாதனமும் எவ்வளவு நெட் எடுக்கலாம் என்று அளவு வைக்க வழி இருந்தது. கேமரா பெட்டிக்கு மிகக் குறைவான அளவு வைத்தேன். ஆட்டம் அறுபடாமல் ஓடியது. தோழிகளுக்குச் செய்தி அனுப்பினேன், மூன்று பேரும் வந்தார்கள். திருச்சிக்காரி கடைசி பஸ்ஸை வரைந்தாள். பஸ்ஸுக்குப் பின்னால் செருப்பைக் கையில் பிடித்து ஓடும் ஆள் நான்தான் என்று ஜடையை வைத்தே கண்டுபிடித்தோம். அறைக்கதவோரம் கேமராவுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தேன். சில நாள் அப்படி ஓடியது.

பிறகு அத்தையின் போன் அடித்தது. அத்தை பேசிவிட்டு என்னிடம் நீட்டினார். "ஒங்க அண்ணி. படம் மங்குதாம். நீதான படிச்சவ, என்னான்னு கேளு."

"ஏம்மா, கேமராவுல என்னமோ கோளாறு" என்றார் அண்ணி. "கட்டில்ல ஒரு மூட்ட தெரியுது. அம்மாவா, துவைக்கப்போட்ட துணியான்னே தெரியல."

அத்தை பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். "பாக்கறேன் அண்ணி" என்று மட்டும் சொன்னேன். காய்ந்த மிளகாயை அள்ளுவதாகச் சொல்லி மாடிக்குப் போய், என் போனில் கூப்பிட்டேன். பொய் சொல்ல மனம் வரவில்லை. படித்த படிப்பை மறைத்து, சிக்னல் சரியில்லை என்று மழுப்புவது எனக்கு அவமானமாகப் பட்டது.

"கோளாறு இல்ல அண்ணி. நான்தான் கொறச்சு வெச்சிருக்கேன். நீங்க தெளிவா பாத்தா எனக்கு நெட் அறுந்துபோவுது."

"ஒன்னய வேவு பாக்கறேன்னு நெனச்சியா?"

"ஆமாங்க. நெனச்சேன்."

"ஒன்னய பாத்து எனக்கு என்ன ஆவப்போவுது!" கோபமாகத்தான் ஆரம்பித்தார். "இங்க வந்து ஒரு நாள் இருந்து பாரு. அவரு மதிய ஷிப்டுக்குப் போயிட்டா இந்த வூட்ல நான் மட்டும்தான். சிமெண்ட் தூசின்னு ஜன்னல தொறக்க முடியாது. வெளக்கு போட்டுக்கிட்டு உக்காந்திருக்கேன். நம்ம வூட்ட தொறந்து வெச்சுக்கறேன், அம்மா தூங்கறத பாக்கறேன். கொட்டாயில மாடு வால ஆட்டுது, அதையும் பாக்கறேன். படம் நின்னுட்டா அம்மாவுக்கு போன் போடறேன். அவ்ளோதான்."

ஒரு கையால் மிளகாயை அள்ளினேன்.

"நீயும் அதுல தெரிவ" என்றார் கொஞ்சம் இறங்கி. "மடியில லேப்டாப்ப வெச்சுக்கிட்டு, தலப்ப வாயில அமுக்கிக்கிட்டுத் தனியா குலுங்கி குலுங்கிச் சிரிச்ச. மொதல்ல பயந்துட்டேன். அம்மாகிட்ட சொல்லல."

"பிரெண்ட்ஸோட வெளயாடறது அண்ணி. படம் வரையற ஆட்டம்."

"வயசான காலத்துல வெளயாட்டு." சிரித்தார். "சரி, நாலு மணிக்கு மேல பாத்துக்கறேன். நீ பழையபடி வெச்சுடு. நான் தெனம் பாக்கறேன்னு அம்மாவுக்குத் தெரிய வேணாம். புருஷன் வூட்ல மனசு ஒட்டலன்னு ஊரு பூரா சொல்லிடும். அப்புறம், அந்தக் கேமராவ கட்டில் பக்கமா நல்லா திருப்பி வையி. கதவ பாத்துக்கிட்டு இருந்து எனக்கென்ன பிரயோசனம்?"

அன்றே ஸ்டூல் போட்டு ஏறித் திருப்பினேன். அத்தை கேட்டதற்கு, அண்ணி சொன்னாங்க என்றேன். அது ஒன்று போதும் அந்த வீட்டில். அளவையும் எடுத்துவிட்டேன்.

அண்ணி வாக்குத் தவறவில்லை. அந்த ஒரு மணி நேரம் எனக்குத் திரும்பக் கிடைத்தது. அதற்கு முன்னும் பின்னும் உள்ள நேரம் அப்படியே இருக்கிறது. பஸ் ஹார்ன் அடிக்கிறது, வேலை பற்றிக் கேட்டால் பேச்சு மாறுகிறது. வேலைக்கு அனுப்பிய விண்ணப்பங்களுக்குப் பதில் வந்தால், அதைச் சொல்ல வேண்டிய இடமும் இதே ஹால்தான்.

போன வாரம் ஒரு நாள், நான் பூட்டிய பாத்ரூமை வரைந்துகொண்டிருந்தேன். கதவு போட்டு, தாழ்ப்பாள் போடுவதற்குள் கோடு நின்றது. வட்டம் சுற்றியது. நால்வரும் வெளியே விழுந்தோம். கறுப்புத் திரையைத் திறந்தேன், வரிசையாகத் தோல்வி. நாலு மணிக்கு இன்னும் நேரம் இருந்தது. அண்ணி இதுவரை அதற்கு முன்னால் பார்த்ததில்லை. அங்கே இன்றைக்கு அவருக்கு என்னவோ.

கேமரா பெட்டிக்கு அளவு வைக்கும் பக்கம் இரண்டு தட்டலில் வந்துவிடும். அந்தப் பக்கத்தைத் திறந்தேன், எண்ணைக்கூட அடித்துவிட்டேன். சேமிக்கவில்லை. சென்னைக்காரிக்கு, கொஞ்சம் இருங்கடி என்று மட்டும் எழுதினேன். அதுவும் போகாமல் நின்றது.

கட்டிலில் அத்தை புரண்டு படுத்தார். என் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும்.

"மறுபடியும் போச்சா? எழுந்து அந்தப் பொட்டிய ஒரு தரம் அணச்சுப் போடேன்."

"வேணாம் அத்தை" என்றேன். "தானா வரும்."