எங்கள் வாயிலிருந்த சொல்

மலாக்காவின் தெங்கேராவில் படங்களுக்குச் சட்டம் போடும் ஒரு கடையின் மாடியில் எங்கள் வாசகர் வட்டம் கூடுகிறது. மாதத்தின் கடைசி ஞாயிறு, மாலையில். சேர்ந்தாற்போல் பத்துப் பேர் வந்தால் அது நல்ல கூட்டம். ஒருமுறை ஆறு மாதம் தொடர்ந்து ஆப்பிரிக்கக் கதைகளை மட்டும் படித்தோம். அது தைப்பூசத்துக்குப் பிறகு தொடங்கியது என்று எங்கள் வட்டத்தில் பலரும் சொல்கிறார்கள். உண்மையில் தைப்பூசத்துக்கு முந்தைய கூட்டத்தில் தொடங்கியது. இப்படிப்பட்டதைத் திருத்தாமல் விட்டால் எனக்குச் சாப்பாடு இறங்காது.

யோசனை சாருடையது. சார் ஓய்வுபெற்ற ஆங்கில ஆசிரியர், யாழ்ப்பாணத்துக் குடும்பம், மலாக்காவிலேயே பிறந்தவர். தமிழ்நாட்டுக் கதைகளையும் மலேசியக் கதைகளையும் மாற்றி மாற்றிப் படித்து எங்களுக்கு அலுத்திருந்த நேரம். வெள்ளைக்காரன் விட்டுப்போன இன்னொரு தேசத்தில் என்ன எழுதினார்கள் என்று பார்க்கலாமே என்றார். அவரிடம் இருந்த ஆங்கிலத் தொகுப்புகளைப் படி எடுத்துக் கொடுத்தார்.

படித்தபோது முதலில் வந்தது ஆச்சரியம் அல்ல, பழக்கம். விடியுமுன் மணி அடித்து ஆட்களை வரிசையில் நிறுத்துகிறார்கள். மேட்டில் பங்களா, பள்ளத்தில் ஒட்டிக்கட்டிய வீடுகள். கொடி மாறுகிறது, பங்களாவில் ஆள் மாறுகிறார், நாற்காலி மாறுவதில்லை. எங்களில் பாதிப்பேர் தோட்டத்தில் பிறந்தவர்கள். ஒருவர் பக்கத்தை மூடிவிட்டு, இதை எழுதியவர் இங்கே நம் அலோர் காஜா தோட்டங்கள் பக்கம் வந்து போயிருப்பாரோ என்று கேட்டார்.

அந்த எழுத்தாளர்களுக்குள் இருந்த ஒரு சண்டையைத்தான் நாங்கள் அதிகம் பேசினோம். தங்களை ஆண்ட வெள்ளைக்காரனுடைய மொழியில் எழுதி அவனையே கேள்வி கேட்பதா, தாய்மொழிக்குத் திரும்புவதா என்ற சண்டை. ஆங்கிலத்தில் எழுதியவர்களும் அதை அப்படியே எடுத்துக்கொள்ளவில்லை, தங்கள் ஊர்ப் பேச்சின் நடையில் வளைத்துக்கொண்டார்கள் என்றார் சார். எங்களுக்கு அந்தச் சண்டை இல்லை, நாங்கள் தமிழில்தானே எழுதுகிறோம் என்று நான் சொன்னேன். எந்தத் தமிழில் என்ற கேள்வி இருப்பது எனக்கு அப்போது தோன்றவில்லை. அதைக் கொண்டுவந்தவர் அக்கா.

அவரை வட்டத்தில் எல்லாரும் அக்கா என்றுதான் கூப்பிடுவோம். என்னைவிட இளையவர், நானும் அப்படியே கூப்பிடுவேன், அவர் என்னை அண்ணே என்பார். லூபோக் சீனாவுக்கு அந்தப் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்தவர். இப்போது நகரத்தில் ஒரு கிளினிக்கில் பதிவு மேசையில் இருக்கிறார். ஆங்கிலம் படிப்பார், ஆனால் மெதுவாக. ஒரு கதை மிகவும் பிடித்துப்போய், அதைக் கைப்பேசியிலேயே தமிழில் தட்டி எங்கள் வாட்ஸாப் குழுவில் துண்டு துண்டாகப் போட்டார். கிளினிக்கில் ஆள் இல்லாத நேரத்தில் செய்ததாகச் சொன்னார். வட்டத்தின் ஆண்டு மலரில் அதை அச்சிடுவது என்று முடிவானது. எழுத்துப் பிழை பார்ப்பது என் வேலை, மொழி பார்ப்பது சார்.

கதை தென்னாப்பிரிக்காவில் ஒரு கரும்புத் தோட்டத்தில் நடக்கிறது. மகள் சொல்கிறாள். அவளுடைய தகப்பன், அங்கே கரும்பு வெட்டும் ஆப்பிரிக்கன், ஒரு காலை ஆள் எடுக்கும் இடத்துக்குத் தாமதமாகப் போகிறான். தோட்டத்து வெள்ளைக்காரன் எல்லார் முன்னாலும் ஒரே ஒரு சொல்லால் அவனைத் திட்டுகிறான். சாப்பாட்டுத் தூக்கைக் கொண்டுபோன மகள் பக்கத்தில் நிற்கிறாள். தகப்பன் பதில் பேசவில்லை. அன்றைய வேலையைச் செய்துவிட்டு வீட்டுக்கு வருகிறான். மறுநாள் மணி அடிக்கிறது, அவன் போகவில்லை. அவன் போகாததால் பக்கத்து வீட்டுக்காரனும் போகவில்லை. அவ்வளவுதான் கதை.

ஏன் இந்தக் கதை என்று அக்காவிடம் கேட்டேன். அவருடைய அப்பா பால்மரம் வெட்டியவர், அதாவது ரப்பர் மரத்தைச் சீவிப் பால் எடுத்தவர். வெள்ளைக்காரன் போய் நம் நாட்டு மேனேஜர் வந்துவிட்ட காலம் அது. ஆனாலும் அவரையும் தொரை என்றுதான் சொன்னார்கள். ஒரு காலை பெரட்டில், அதாவது தோட்டத்தில் ஆள் கணக்கெடுக்கும் வரிசையில், அந்தத் தொரை அவருடைய அப்பாவைப் பார்த்து கிளிங் என்று சொல்லியிருக்கிறார். அக்கா பள்ளிக்கூட உடுப்போடு நின்றிருக்கிறார்.

"கதையில அந்தாளு மறுநாளு போகல அண்ணே. எங்கப்பா போனாரு. மழை பேஞ்சும் போனாரு. அதனாலதான் இந்தக் கதை."

கிளிங் என்பதைப் பற்றி வெளியூர் வாசகருக்கு ஒரு வரி சொல்ல வேண்டும். நம்மவர்களை மலாயில் குறித்த பழைய சொல், கலிங்கத்திலிருந்து வந்தது என்பார்கள். ஒரு காலத்தில் அதில் குற்றம் இருக்கவில்லை. இங்குள்ள ஒரு பழைய பள்ளிவாசலின் பெயரில் இருக்கிறது, நான் குடியிருக்கும் தஞ்சோங் கிளிங்கின் பெயரிலும் இருக்கிறது. இன்று ஒருவரைப் பார்த்து அந்தச் சொல்லைச் சொன்னால் அது அவமதிப்பு. கதையில் வெள்ளைக்காரன் வாயில் அக்கா போட்டிருந்தது இந்தச் சொல்லைத்தான். கரும்புத் தோட்டத்தில் நிற்கும் ஆப்பிரிக்கனைப் பார்த்து, "கிளிங்குப் பயலே" என்கிறான் தொரை.

சார் முதலில் கை வைத்தது அங்கே அல்ல. தொரை, பெரட்டு, லயம் மூன்றையும் அடித்துவிட்டு முதலாளி, வரிசை, குடியிருப்பு என்று எழுதியிருந்தார். கூட்டத்தில் அதைப் பார்த்ததும் அக்கா குரலை உயர்த்தாமல், தன் கதையில் முதலாளி யாரும் இல்லை என்றார். தமிழ்நாட்டில் படிப்பவருக்கு விளங்காது என்றார் சார். தமிழ்நாட்டிலிருந்து எந்தக் காலத்தில் எங்கள் மலரை வாங்கியிருக்கிறார்கள் என்று கேட்டார் அக்கா. எல்லாரும் சிரித்தோம், சாரும் சிரித்தார். ஆங்கிலத்தைத் தங்கள் ஊர் நடையில் வளைத்தவர்களை ஆறு மாதமாக அவர்தான் புகழ்ந்துகொண்டிருந்தார். மூன்று சொற்களும் திரும்ப வந்தன.

அடுத்த கூட்டத்தில் மூலத்தையும் மொழிபெயர்ப்பையும் ஒத்துப் பார்த்தோம். சார் ஒரு வரி ஆங்கிலத்தில் வாசிப்பார், அக்கா அதற்குரிய தமிழ் வரியை வாசிப்பார். முதல் பத்தியிலேயே சார் நின்றுவிட்டார். மூலத்தில் மகள், எங்கள் மக்கள் என்ற பொருளில் ஒரு சொல் சொல்கிறாள். அக்கா வாசித்தது, "காப்பிரி சனங்க." சார் கண்ணாடியைக் கழற்றிவிட்டு மறுபடி மாட்டிக்கொண்டார். மேலே போகச் சொன்னார். கதை முழுக்க அப்படித்தான் இருந்தது. காப்பிரி ஆளு, காப்பிரிப் பொம்பளைங்க, காப்பிரிப் பாட்டு. எங்கள் தோட்டங்களில் ஆப்பிரிக்கர்களுக்கு வேறு பெயர் கிடையாது. சுருட்டை முடிப் பிள்ளைகளைக் கொஞ்சுவதற்கும் அதைத்தான் சொல்வார்கள். நானும் சொல்லி வளர்ந்தவன்தான். பிழை திருத்தியபோது ற, ர பார்த்தேனே ஒழிய இந்தச் சொல்லில் கண் நிற்கவே இல்லை.

பெரட்டுக் காட்சி வந்தது. தொரை திட்டும் அந்த ஒரு சொல்லை சார் மூலத்தில் இருந்தபடியே உச்சரித்தார். "காஃபர்." பிறகு புத்தகத்தை மேசையில் வைத்தார்.

"பிள்ளை, நான் இப்ப வாசிச்சது கேட்டதா?"

"கேட்டுச்சு சார். கெட்ட வார்த்தை. அதான் கிளிங்னு போட்டிருக்கேன்."

"அதே சொல்லைத்தான் நீங்க முதல் வரியில இருந்து சொல்லிக்கொண்டு வாறீங்க. காஃபர், காப்பிரி. ரெண்டும் ஒண்டு."

அக்கா ஆங்கிலப் பக்கத்தை வாங்கி, அந்தச் சொல்லின் மேல் விரலை வைத்து எழுத்துக்கூட்டிப் பார்த்தார். அகராதியில் அதை இழிசொல் என்று போட்டிருந்தார்களாம். அதனால் நமக்குத் தெரிந்த இழிசொல்லைத் தேடிப் போட்டதாகச் சொன்னார். பிறகு, தோட்டத்தில் யாரும் திட்டுவதற்காக அதைச் சொல்வதில்லை என்றார்.

"நாங்க சும்மா சொல்றது சார். மனசுல ஒண்ணும் வச்சுக்கிட்டு சொல்றதில்ல."

"கிளிங் எண்டு சொல்லுறவனும் அதைத்தான் சொல்லுவான். நீங்க ஏற்றுக்கொள்ளுவீங்களா?"

சார் பாடம் நடத்தும் குரலில் அதைச் சொல்லவில்லை. தங்கள் வீட்டிலும் யாழ்ப்பாண வழக்கில் காப்பிலி என்று சொல்லித்தான் தானும் வளர்ந்ததாகவும், முதலில் தமிழை மட்டும் படித்தபோது தன் கண்ணிலும் அது படவில்லை என்றும் பிறகு சொன்னார். ஆனால் கேள்வி எங்கே போய்த் தைத்தது என்பது எனக்குத் தெரிந்தது. அக்கா தாள்களைப் பைக்குள் வைத்துக்கொண்டு, மலரில் இந்தக் கதை வேண்டாம் என்று சொல்லிவிட்டுப் படி இறங்கினார்.

நான் வீட்டுக்குப் போய் அந்தச் சொல்லின் பூர்வீகத்தைத் தேடினேன். என்னால் செய்ய முடிந்தது அதுதான். அரபு வணிகர்களிடம் அது மதம் சார்ந்த சொல், தங்கள் மார்க்கத்தை ஏற்காதவர்களைக் குறித்தது. போர்த்துகீசியர் அதை எடுத்துக் கறுப்பின மக்களுக்குப் பெயராக வைத்தார்கள், கப்பல் போன இடமெல்லாம் கொண்டுபோனார்கள். இங்கே ஆற்று முகத்தில் கோட்டை கட்டியதும் அவர்கள்தான். அந்தச் சொல் தமிழுக்குள் எந்தத் துறைமுகத்தில் இறங்கியது என்று என்னால் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. இதையெல்லாம் நீளமாக எழுதி அக்காவுக்கு அனுப்பினேன். வாட்ஸாப்பில் பார்த்துவிட்டதற்கான இரண்டு நீலக் குறி விழுந்தது, பதில் வரவில்லை.

மலர் அச்சுக்குப் போகும் வாரம் நெருங்கியது. அக்காவின் பக்கங்களுக்கு வேறு கட்டுரை போடலாம் என்று சிலர் சொன்னார்கள். சார் சம்மதிக்கவில்லை. அவருக்கும் அது உறுத்தியிருக்க வேண்டும். ஒரு சனிக்கிழமை அவரே அக்காவுக்குத் தொலைபேசியில் அழைத்து, மூன்று பேரும் உம்பாயில், கடலோரக் கடையில், மீன் சாப்பிடலாம் என்றார். வருவாரோ மாட்டாரோ என்று நாங்கள் இருவரும் உட்கார்ந்திருந்தோம். வந்தார். சுட்ட மீன் வரும்வரை கிளினிக் கதைகளைப் பேசிக்கொண்டிருந்தார். என் செய்தியைப் படித்தீர்களா என்று கேட்டேன். பாதி படித்ததாகவும், போர்த்துகீசியர் வந்த இடத்தில் தூக்கம் வந்துவிட்டதாகவும் சொன்னார்.

ஆப்பிரிக்கர் என்று மாற்றிவிடலாமே என்றார் சார். அதைப் பற்றியும் யோசித்திருந்தார் அக்கா. லயத்தில் இருக்கும் ஒரு பிள்ளை தன் வீட்டாரை ஆப்பிரிக்கர் என்று சொல்லாது. தான் சின்ன வயதில் அப்பாவை மலேசிய இந்தியர் என்று ஒருநாளும் நினைத்ததில்லை என்றார். அந்தப் பிள்ளை நம்ம சனம் என்றுதான் சொல்லும். மூலத்தில் இருப்பதும் அதுதான். தெளிவாக இருக்கட்டும் என்று தான்தான் காப்பிரியைக் கொண்டுவந்து போட்டிருக்கிறார்.

"அந்த வார்த்தைய தூக்க வேணா சார். அத தொரை வாயில போடுங்க. அங்கதான் அது இருக்கு."

"அப்ப கிளிங்?"

அக்கா மீனில் எலுமிச்சையைப் பிழிந்தார். அந்தச் சொல்லை அச்சில் பார்க்க வேண்டும் என்பதும் அவர் இந்தக் கதையை எடுத்ததற்கு ஒரு காரணம் என்பது எங்கள் இருவருக்கும் தெரியும்.

"எடுத்துருங்க. அது எங்கப்பாவச் சொன்னது. கதையில அந்தப் பொண்ணோட அப்பாவ வேற வார்த்தையில சொன்னான். ஒருத்தங்க பட்டத இன்னொருத்தங்க மேல ஒட்டக்கூடாது லா."

அப்பாவைப் பற்றித் தனியாக எழுதலாமே என்றேன். எழுதினால் அவர் மறுநாள் வேலைக்குப் போனதையும் எழுத வேண்டும் என்றார். சார் மீனின் கன்னத்துச் சதையை எடுத்து அக்காவின் தட்டில் வைத்தார்.

மலர் ஆவணி மாதத்தில் வெளிவந்தது. தெங்கேரா மாடி போதாமல் ஒரு சங்கக் கட்டடத்தின் மண்டபத்தில் வெளியீடு வைத்தோம். அக்காவைப் பெரட்டுக் காட்சியை வாசிக்கச் சொன்னோம். கேட்க வந்தவர்களில் பலர் அவருடைய பழைய தோட்டத்து ஆட்கள், லூபோக் சீனாவிலிருந்து வேன் பிடித்து வந்தவர்கள். அவர் நிதானமாக வாசித்தார். நம்ம சனம் பெரட்டில் நின்றது. தொரை இறங்கி வந்தான். தாமதமாக வந்தவனைப் பார்த்து, "டேய் காப்பிரி" என்றான்.

பின் வரிசையில் ஒருவர் சிரித்தார். கெட்ட சிரிப்பு இல்லை. எங்களூரில் அந்தச் சொல் கேட்டால் தானாக வருகிற சிரிப்பு. அவரைத் தொடர்ந்து இன்னும் இரண்டு பேர் சிரித்தார்கள். அக்கா நிமிர்ந்து பார்க்கவில்லை. மேலே வாசித்தார். தூக்கைப் பிடித்துக்கொண்டு மகள் பக்கத்தில் நின்றதை வாசித்தார். மறுநாள் மணி அடித்ததையும் அவன் போகாததையும் வாசித்தார்.

தேநீரின்போது சிரித்தவர் அக்காவிடம் வந்தார். அறுபதைத் தாண்டியவர், ஒரு காலத்தில் அதே தோட்டத்தில் லாரி ஓட்டியவர். அக்காவின் அப்பாவை நன்றாகத் தெரியும் என்றார். கையில் மலரைச் சுருட்டி வைத்திருந்தார்.

"அந்தத் தொரை பேசுறது நம்ம பேசுற மாதிரியே இருக்கே தங்கச்சி."

"நம்ம பேச்சுதான் அண்ணே," என்றார் அக்கா.

அவர் மலரைப் பிரித்து அந்தப் பக்கத்தைத் தேடினார். கண்ணாடி கொண்டுவரவில்லை என்று சொல்லி என்னிடம் நீட்டினார். நான் தொரை திட்டும் அந்த வரியின் மேல் விரலை வைத்தேன். கண்ணைச் சுருக்கிக்கொண்டு அந்தச் சொல்லை எழுத்துக்கூட்டிப் படித்துவிட்டு, வேனுக்கு நேரமாகிவிட்டது என்று அதை மறுபடி சுருட்டிக்கொண்டு போனார்.