குப்பம்மா என்று எழுதச் சொன்னார்கள்

இரண்டாம் உலக யுத்தம் நடந்துகொண்டிருந்த சமயம். ஆவடியில் பட்டாளத்து முகாம் எழும்பிக்கொண்டிருந்தது. பக்கத்துக் கள்ளிக்குப்பத்தில் என் மாமா கிராம முன்சீப். ஊரின் பிறப்பு, இறப்புப் பதிவேடுகள் அவர் பொறுப்பு. பள்ளிப் படிப்பை முடித்துவிட்டுச் சும்மா இருந்த என்னை, கையெழுத்து நன்றாக இருக்கிறது என்று எழுத உட்கார வைத்திருந்தார்.

பெயர்களுக்கு அர்த்தம் சொல்வதில் எனக்கு அப்போது பெரிய கர்வம். யார் வந்தாலும், ‘இது வடமொழி, இது தமிழ்’ என்று பிரித்துப் பேசுவேன்.

ஒருநாள் வயல் வேலை செய்யும் ஒருவர் பெண் குழந்தை பிறந்ததைப் பதிய வந்தார். “குப்பம்மான்னு எய்திக்கோ சாமி” என்றார். எனக்கு மனசு கேட்கவில்லை. குப்பை என்று யாராவது குழந்தைக்குப் பெயர் வைப்பார்களா? நல்லது செய்வதாக நினைத்து, ‘புஷ்பவல்லி’ என்று எழுதி, பூங்கொடி என்று அர்த்தமும் சொல்லி அனுப்பினேன். அவர் மறுக்கத் தெரியாமல் தலையாட்டிவிட்டுப் போனார்.

மறுநாள் காலை, பச்சை உடம்புக்காரி, குழந்தையைத் துணியில் சுற்றிக்கொண்டு அவர் மனைவியே நடந்து வந்துவிட்டாள். என் வயதுதான் இருக்கும். மூச்சு வாங்கியது.

“அந்தப் பேர அடிச்சிடு சாமி. இதுக்கு மின்னாடி மூணு பெத்தேன். மூணுக்கும் ஒசந்த பேராத்தான் வெச்சோம். ஒண்ணுகூட தங்கல. இத்த குப்பமேட்டுல போட்டேன். பக்கத்து ஊட்டுக்காரி எடுத்தா. ஒரு மொறம் தவுடு குடுத்து அவகிட்டேருந்து வாங்கிகினு வந்தேன். குப்பையில கெடந்தத எமன் இன்னாத்துக்குத் தூக்கினு போவான்?”

உள்ளே போய் இறப்புப் பதிவேட்டைப் பிரித்தேன். அவள் சொன்னதைச் சோதிக்கத்தான். அந்தத் தகப்பன் பெயரில் மூன்றும் மாமாவின் கையெழுத்தில் இருந்தன. ராஜாத்தி, பதினொரு நாள். தங்கம், மூன்று மாதம். செல்வமணி, ஒரு வயது. மூன்றுக்கும் எதிரே ‘காய்ச்சல்’ என்று ஒரே வார்த்தை.

பதிவேட்டில் அடித்துத் திருத்தினால் தாலுகாவிலிருந்து கேள்வி வரும். மாமாவிடம் நடந்ததைச் சொன்னேன். “பேர் வைக்க நீ யாருடா?” என்று அவள் எதிரிலேயே திட்டினார். திட்டிக்கொண்டே திருத்தத்தின் பக்கத்தில் கையெழுத்துப் போட்டார்.

அவளுக்குப் படிக்கத் தெரியாது. “இன்னா எய்திகீது, படி சாமி” என்றாள். படித்தேன். “இன்னொரு வாட்டி.” மறுபடியும் படித்தேன். குழந்தையின் காதருகே குனிந்து, “கேட்டுக்கினியாடி குப்பு?” என்று சிரித்தாள். அந்தச் சிரிப்பில் எனக்குக் கண் நிறைந்துவிட்டது.

சில வருஷம் கழித்து, களத்துமேட்டில் கோழியைத் துரத்திக்கொண்டு ஒரு சிறுமி ஓடிவந்து என்மேல் மோதினாள். பெயர் கேட்டேன். “குப்பம்மா!” என்று ஊருக்கே கேட்கிற மாதிரி கத்திவிட்டு, கோழியின் பின்னாலேயே ஓடிப்போனாள்.

இப்போதும் பேரப்பிள்ளைகளுக்குப் பெயர் தேடி யாராவது என்னிடம் அர்த்தம் கேட்டால் சொல்கிறேன். ஆனால் ஏற்கெனவே வைத்த பெயர் என்றால், அதை வைத்தவர்கள் என்ன நினைத்து வைத்தார்கள் என்று முதலில் அவர்களைத்தான் கேட்கிறேன்.