உழக்காதேங்கோ

லண்டன் ஆர்ச்வேயில் முருகன் கோயிலுக்குப் போய்விட்டு மேட்டிலிருந்து இறங்குகிறேன். பகல் இரண்டு மணிக்கு ஓர் அரங்க வாசலில் அப்படி ஒரு வரிசை. ஐம்பது தாண்டிய வெள்ளைக்காரர்கள், கண் கூசும் மஞ்சள் சட்டையும் கழுத்தில் விசிலுமாக நிற்கிறார்கள். நடுவே சேலைக்கு மேல் கோட்டுப் போட்ட ஓர் அம்மா, என் திருநீற்றைப் பார்த்துச் சிரிக்கிறார்.

“நீங்க எப்படிம்மா இங்க?”

“இண்டைக்கு இங்கை பாடப்போற பெடியள் முந்திப் பாட்டுப் பதிஞ்ச ஸ்டூடியோவிலை நான் கிளீனிங் செய்தனான், தம்பி. ஒருநாள் ஈரத் தரையிலை சப்பாத்தோடை வந்திட்டாங்கள். ‘உழக்காதேங்கோ’ எண்டு கத்தினன். அது டேப்பிலை விழுந்திட்டுது. கீச்சுக்குரலாக்கிப் பாட்டிலை போட்டிட்டாங்கள்.”

மிதிக்காதீர்கள் என்று அர்த்தம். அந்த ஒரு சொல்லை வைத்து மூன்று பையன்களும் இரண்டு கோடைக்காலம் ஊரையே மஞ்சள் சட்டையும் விசிலுமாக ஆடவைத்தார்களாம். பிறகு சண்டை, பிரிவு. ஒருவர் தபால்காரரானார், ஒருவர் பஸ் ஓட்டுகிறார், ஒருவர் சும்மா இருக்கிறார். முப்பது வருடம் கழித்து இன்று ஒன்றுசேர்கிறார்கள். இந்த அம்மாவுக்கும் மறக்காமல் டிக்கெட் அனுப்பியிருக்கிறார்கள்.

முன்னால் நிற்கும் மொட்டைத்தலைக்காரர் கையை உயர்த்தி, “உலக்கா டெங்கோ!” என்று கத்துகிறார். வரிசை மொத்தமும் அதைத் திருப்பிக் கத்தி, நடைபாதை அதிரக் குதிக்கிறது.

“ஏதோ மந்திரம் எண்டு நினைக்கினம்,” என்கிறார் அம்மா.

“நீங்க அர்த்தம் சொல்லலையா?”

“அண்டைக்குச் சொல்லியே கேக்கேல்லை. இனியோ கேக்கப் போறாங்கள்?”

கோட்டுப் பைக்குள் கையைவிட்டு ஒரு விசிலை எடுக்கிறார்.