மனுஷனில்லை என்று ஒரு பேர்

என் புருஷன் பேர் குன்பிஷ். காகிதத்தில் இப்போது வேறு பேர் இருக்கிறது, அதை நான் வாயால் சொல்ல மாட்டேன்.

எங்கள் மங்கோலிய மொழியில் குன்பிஷ் என்றால் "மனுஷனில்லை" என்று அர்த்தம். அவருக்கு முன்னால் பிறந்த மூன்றும் தவழுவதற்குள் போய்விட்டன. நாலாவதைத் தேடி வருகிற சாவு ஏமாந்து திரும்பட்டும் என்று என் மாமியார் வைத்த பேர் அது. ஒரு குளிர்காலத்தில் உறைந்த ஆற்றின் மேல் ஓட்டும்போது பனிக்கட்டி உடைந்து லாரியோடு உள்ளே போனவர், தனியாக நீந்தி வந்தார். பேர்தான் காப்பாற்றியது என்றாள் அத்தை.

எனக்கோ அவமானம். பள்ளிக்கூடத்தில் என் மகளை, "உங்கப்பா ஆடா, ஒட்டகமாடி?" என்று கேலி செய்தார்கள். நான்தான் நச்சரித்து, பேரை மாற்றிக்கொண்டு வர அவரை நகரத்துக்கு அனுப்பினேன்.

"போகாதடா, சாவு கேட்டுட்டே இருக்கும்," என்று லாரிக் கதவைப் பிடித்துக்கொண்டு அழுதாள் அத்தை.

"நாப்பது வருஷமா ஏமாந்த முட்டாள்மா அது," என்று சிரித்துவிட்டுக் கிளம்பினார்.

மறுநாள் காலை போன் செய்து புதுப் பேரை ஆசையாகச் சொன்னார். "வீரன்னு அர்த்தம்டி. கிளம்பிட்டேன்."

மதியம் பனிப்புயல் இறங்கியது. அதன்பின் போன் போகவே இல்லை. பொழுது சாய்ந்தும் லாரிச் சத்தம் கேட்கவில்லை. கூடாரத்தை விட்டு வெளியே ஓடி, கண்ணுக்கு எதுவும் தெரியாத அந்த வெள்ளைப் பனியைப் பார்த்து, "குன்பிஷ்! குன்பிஷ்!" என்று கத்தினேன்.

பின்னால் வந்து நின்றாள் அத்தை.

"இன்னும் சத்தமாக் கத்துடி. அது காதுல விழணும்."