சப்பாத்தைக் கழற்றிவிட்டு வாசித்தவர்

மூன்று வருடங்களுக்கு முன், லண்டன் ஆர்ச்வேயில் நான் வேலை செய்யும் கேட்டல் பரிசோதனை நிலையத்தில் தொடங்கியது இது. காதைச் சோதிப்பது, கருவி பொருத்துவது, பிறகு அதைத் திருத்திக் கொடுப்பது என் வேலை. இருபது வருடமாகச் செய்கிறேன். எனக்குத் தெரியாத காது இல்லை என்ற நினைப்பும் கொஞ்சம் இருந்தது.

அன்று வந்தவருக்கு எழுபது வயதுக்கு மேல் இருக்கும். இளவயதில் அயர்லாந்திலிருந்து கட்டட வேலைக்கு வந்தவர். வந்த இடத்தில் தன் ஊர்ப்பக்கத்து ஆட்கள் மூன்று பேரைச் சந்தித்து இசைக்குழு ஒன்று தொடங்கியிருக்கிறார். அவர் வயலின். தாதியாக வேலை செய்த ஒரு பெண் புல்லாங்குழல். மற்ற இருவரும் அக்கோடியனும் கைப்பறையும். பப் ஒன்றின் பின்னறையில் தங்கள் ஊர்ப் பாட்டுகளை வாசிக்கத் தொடங்கி, இசைத்தட்டுகள் வெளியிட்டு, ஜெர்மனி, அமெரிக்கா என்று சுற்றி வந்திருக்கிறார்கள். நாற்பது வருடங்களுக்கு மேல் ஆகியும் குழுவில் ஆள் மாறவில்லை. அதைச் சொல்லும்போது மட்டும் அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

சோதனை முடிவு மிக மோசமாக இருந்தது. ஒருவர் முகத்துக்கு நேரே நின்று பேசினால் கருவியின் உதவியோடு விளங்கும். இசை வேறு. நீண்டு ஒலிக்கும் குழலோசையைச் சில கருவிகள் தங்களுக்குள்ளேயே எழும் கீச்சொலி என்று எண்ணி அமுக்கிவிடும். அவருக்கு அதைச் சொன்னேன். மற்றவர்களோடு சேர்ந்து வாசிக்க ஏதாவது வழி உண்டா என்று கேட்டார்.

"வீட்டில் தனியாக வாசியுங்கள். குழுவோடு இனி முடியாது. வேறு வயலின்காரரைப் பார்க்கச் சொல்லிவிடுங்கள்" என்றேன்.

அவர் எழுந்தார். கோட்டுப் பொத்தான்களைப் போட்டார், நன்றி சொன்னார், போய்விட்டார். வீண் நம்பிக்கை கொடுக்காமல் உண்மையைச் சொன்னேன் என்ற திருப்தியோடு நான் அடுத்தவரைக் கூப்பிட்டேன்.

ஒரு வருடத்துக்கு மேல் கழித்து, கருவியின் குழாயை மாற்ற மீண்டும் வந்த அவர், போகும்போது மேசையில் இரண்டு நுழைவுச்சீட்டுகளை வைத்தார். ஞாயிறு பின்னேரம், பக்கத்துத் தேவாலய மண்டபத்தில் தங்கள் குழு வாசிக்கிறது என்றார். பிரியாவிடை நிகழ்ச்சியாக்கும் என்று நினைத்துக்கொண்டு என் கணவரையும் அழைத்துப் போனேன்.

மண்டபத்தின் தரை பழைய மரத்தரை. அதன்மேல் பெரிய பலகை ஒன்றைப் போட்டு, நான்கு கதிரைகளை முழங்கால் முட்டும் அளவுக்கு நெருக்கி வைத்திருந்தார்கள். நால்வரும் வந்து உட்கார்ந்தார்கள். என் நோயாளி இரண்டு காதிலிருந்தும் கருவிகளைக் கழற்றிச் சட்டைப்பைக்குள் போட்டார். பிறகு குனிந்து சப்பாத்துகளையும் கழற்றினார். சனங்கள் சிரித்தார்கள். ஏதோ கிழவரின் வேடிக்கை என்று எண்ணியிருப்பார்கள்.

வாசிக்கத் தொடங்கினார்கள். நான் இசையைக் கேட்கவில்லை. அவர் எங்கே பிழை விடுவார் என்று காத்திருந்தேன், அதுதான் உண்மை. அவர் பிழை விடவில்லை. ஓட்டமான பாட்டு, வளைந்து வளைந்து போகிறது, நான்கு பேரும் ஒரே இடத்தில் திரும்புகிறார்கள், ஒரே இடத்தில் நிற்கிறார்கள். அவருடைய கேட்டல் அறிக்கையை எழுதியவள் நான். அந்த ஓசையில் பெரும்பகுதி அவருக்குள் போயிருக்க முடியாது.

மூன்றாவது பாட்டில் சனங்களுக்கு உற்சாகம் வந்துவிட்டது. பின்வரிசையில் சிலர் எழுந்து ஆடினார்கள். பலர் காலால் தரையை உதைத்துத் தாளம் போட்டார்கள், ஆளுக்கொரு வேகத்தில். மண்டபமே அதிர்ந்தது. அப்போதுதான் அவர் முகம் மாறியதைக் கண்டேன். வில் தயங்கியது. ஒரு சுரம் பிந்தியது, இன்னொன்று தவறியது. கண்கள் மற்ற மூவரின் கால்களையும் மாறி மாறித் தேடின.

புல்லாங்குழல் வாசித்த அம்மா வாசிப்பை நிறுத்தவில்லை, அவர் பக்கம் திரும்பவும் இல்லை. தன் வலது காலை நகர்த்தி, காலுறை மட்டும் போட்டிருந்த அவர் பாதத்தின் மேல் வைத்தார். அங்கே வைத்தே தாளம் தட்டினார். மூன்று தட்டு, நான்கு தட்டு. வில் நிமிர்ந்தது. அவர் மீண்டும் பாட்டுக்குள் வந்துவிட்டார்.

அவர் அவ்வளவு நேரமும் அந்தப் பலகை வழியாக, பாதத்தால்தான் அவர்களைக் கேட்டுக்கொண்டிருந்தார்.

இடைவேளையில் அந்த அம்மாவிடம் போய் நான் யார் என்று சொன்னேன். அவருக்குக் கோபம் இல்லை. நான் சொன்ன அன்றைக்கே வயலின்காரர் குழுவைவிட்டு விலகுவதாகச் சொன்னாராம். மூவரும் சம்மதிக்கவில்லை. ஒரு குளிர்காலம் முழுவதும் ஒரு வீட்டு முன்னறையில் கூடி, பலகையைப் போட்டு, இத்தனை வருடமாக வாசித்த பாட்டுகளைக் காலால் தாளம் தட்டி ஒவ்வொன்றாகத் திரும்பப் பழகியிருக்கிறார்கள். பெரிய மேடைகளில் பலகை சரிவராது என்பதால் ஜெர்மனிப் பயணத்தையும் பெரிய விழாக்களையும் விட்டுவிட்டார்கள். இனி இப்படியான சிறு மண்டபங்கள்தான்.

"இன்னொரு வயலின்காரர் கிடைத்திருப்பார். நல்லவராகவே கிடைத்திருப்பார். ஆனால் அது எங்கள் குழுவாக இருக்காது" என்றார்.

நான் என் நோயாளியிடம் போய் மன்னிப்புக் கேட்டேன். சத்தத்தில் அவருக்கு விளங்கவில்லை. கருவியை எடுத்து மாட்டிவிட்டு, என்ன சொன்னீர்கள் என்று கேட்டார். திரும்பச் சொன்னேன். நீங்கள் சோதித்தது என் காதைத்தானே என்று சொல்லிச் சிரித்தார். அவர்கள் மூவரையும் நான் பார்க்க வேண்டும் என்றுதான் நுழைவுச்சீட்டு தந்தாராம்.

வீட்டுக்குப் பஸ்ஸில் போனோம். பாதி வழியில் கணவர் சொன்னார்: "காது கேக்காதெண்டு நீர் சொன்னது பிழையில்லை. வாசிக்க ஏலாதெண்டும் எல்லோ சொன்னீர்."

"ஓம்" என்றேன்.

அவர்கள் இன்றும் வாசிக்கிறார்கள், அதே நால்வர். நானும் அதே அறையில்தான் இருக்கிறேன், அறிக்கைகளும் முன்போலத்தான் வருகின்றன. ஆனால் ஒருவருக்கு இனி எது முடியாது என்று சொல்ல வாய் எடுக்கும்போதெல்லாம், அவருக்காக யார் என்ன செய்யத் துணிவார்கள் என்பது எனக்குத் தெரியாது என்ற எண்ணம் வந்து என்னை நிறுத்திவிடுகிறது.