தேவகி அக்கா சேர்த்த அட்டைகள்

செவ்வாய்க்கிழமை காலை வருகைப் பதிவுக்கு நின்றுகொண்டிருந்தோம். மேற்பார்வையாளர் தேவகி அக்காவின் பெயரை இரண்டாம் முறை கூப்பிட்டபோது என் போன் அடித்தது. அக்காவின் மகள். "அம்மா எந்திரிக்கவே இல்லக்கா" என்றாள். அழுகை பிறகுதான் வந்தது. முதலில் வந்தது பயம். இனி எங்களுக்காக யார் பேசுவார்?

பருத்திப்பட்டில் உங்கள் வீட்டுத் தொட்டி மூடியைத் திறந்து, கொசுப்புழு இருக்கிறதா என்று டார்ச் அடித்துப் பார்த்தவர்தான் தேவகி அக்கா. மாநகராட்சியில் பதினான்கு ஆண்டுகளாகத் தினக்கூலி. நான் ஒன்பது ஆண்டுகளாக. போன மழைக்காலம் முடிந்ததும் எங்களில் பதினோரு பேரை வேலையிலிருந்து நிறுத்தினார்கள். காரணம் கேட்கப் போனோம்.

"நீங்க தொடர்ச்சியா வேலை பார்த்ததுக்குப் பதிவே இல்லம்மா. சீசனுக்கு வந்தவங்கதானே?" என்றார் அதிகாரி.

நாங்கள் வாசலுக்குத் திரும்பிவிட்டோம். அக்கா நகரவில்லை. "பதிவு இல்லியா? ஒவ்வொரு ஊட்டுக் கதவுக்குப் பின்னாடியும் கீது சார். எத்துகினு வரட்டா?"

வீட்டுக்கு வீடு நாங்கள் மாட்டிவைக்கும், சோதனை செய்த தேதியும் எங்கள் கையெழுத்தும் உள்ள அட்டையைத்தான் சொன்னார். மறுநாளே தெருத் தெருவாகக் கிளம்பினோம். பல வீடுகளில் வெள்ளையடித்தபோது தூக்கிப் போட்டிருந்தார்கள். ஏரிக்கரைப் பக்கம் பழைய விவசாயக் குடும்பம் ஒன்றின் வீட்டில், ஒரே ஆணியில் ஆறு வருட அட்டைகள் தொங்கின. அடுக்குமாடிக் குடியிருப்பில் காவலாளி உள்ளே விடவில்லை. அக்கா வெயிலில் கேட்டருகே நின்றார். வேலைக்குப் புறப்பட்ட ஒரு பெண் அவரை அடையாளம் கண்டு, "எங்க பாப்பாவுக்கு டெங்கு வந்தப்ப தினமும் வந்தீங்களே!" என்று மேலே ஓடிப்போய் அட்டையைக் கழற்றிக்கொண்டு வந்தாள்.

ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். மூன்றாம் நாள் நான் போகவில்லை. யார் யார் சுற்றுகிறார்கள் என்று அலுவலகத்தில் விசாரிப்பதாகக் கேள்விப்பட்டு, காய்ச்சல் என்று பொய் சொன்னேன். மாலையில் அக்கா என் வீட்டுக்கு வந்தார். திட்டவில்லை.

"பயமா கீதா? எனக்கும்தான் கீது. பயந்துகினே வா, இன்னா இப்போ?"

போனேன். தெருக்களெல்லாம் முடிந்ததும், ஒரு பை நிறைய அட்டைகளை அதிகாரியின் மேஜைமேல் கவிழ்த்தார் அக்கா. அவர் வெகுநேரம் புரட்டிப் பார்த்தார். இரண்டு வாரத்தில் எல்லோரையும் திரும்ப எடுத்துக்கொண்டார்கள். ஆனால் அதே தினக்கூலியாகத்தான். பணி நிரந்தரம் கேட்டு, முதலில் தன் பெயரைப் போட்டு எங்கள் எல்லோருக்குமாக அக்கா எழுதிய மனு இன்னும் நிலுவையில் இருக்கிறது.

அடக்கம் முடிந்து வேலைக்கு வந்த அன்று, "முதல் பேரே போயிடுச்சு. மனுவ வாபஸ் வாங்கிடுங்களேன்" என்றார் மேற்பார்வையாளர், அக்கறையோடு சொல்வதுபோல. பத்துப் பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தோம். மனுவில் முதலில் இருக்கும் பெயரைத்தான் அதிகாரிகள் விசாரிக்க அறைக்குள் கூப்பிடுவார்கள். எனக்குப் பள்ளிக்கூடம் போகும் இரண்டு பிள்ளைகள்.

புதிய மனு எழுதி, முதலில் என் பெயரைப் போட்டேன். நாளைக்கு வேலை இருக்குமா என்று இப்போதும் தெரியவில்லை. பயம் போகும்வரை காத்திருக்காத அந்தக் குணத்தை மட்டும் அக்காவிடமிருந்து எடுத்து வைத்துக்கொண்டிருக்கிறேன்.