லூர்து மாமாவின் காது

நேற்று காலை லூர்து மாமா இறந்துவிட்டார். மாரடைப்பு.

அம்மாவின் ஃபேஸ்புக் அக்கவுண்ட்டிலிருந்து எழுதுகிறேன். நடந்ததை நடந்தபடியே எழுதப் போகிறேன், எனக்குச் சாதகமாக எதையும் மாற்றாமல்.

அகரத்திலிருந்து திண்டுக்கல்லில் இருக்கும் எங்கள் பள்ளிக்கு ஆறாம் வகுப்பிலிருந்து என்னை ஏற்றிச் சென்றது அவருடைய ஆட்டோதான். பிள்ளைகள் எட்டுப் பேர். அவருக்கு நேர் பின்னால் என் இடம்.

போன வருடம் மூன்று நாட்டுக்காரர்கள் சேர்ந்து எடுத்த ஒரு படத்தின் ஷூட்டிங் எங்கள் ஊர்ப் பக்கம் நடந்தது. கழுதைக்காது முளைத்த ராஜாவின் கதை. ஹீரோவின் உயரம் மாமாவுக்கும் இருந்ததால், லைட்டிங் சரிபார்க்க ஹீரோவுக்குப் பதில் அவரை நிற்க வைத்தார்கள். கிரீடம் கிடையாது, வசனம் கிடையாது... ரப்பர் காது மட்டும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை பார்க்கப் போனேன். காதோடு உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார்.

"என்ன பாப்பா அப்பிடிப் பாக்குற? எங்க வீட்டுக்காரி இம்புட்டு நாளா சொன்னதத்தேன் வெள்ளைக்காரன் இப்பக் கண்டுபிடிச்சிருக்கான்."

சிரித்துக்கொண்டே அப்பாவின் போனில் படம் படமாக எடுத்தேன்.

நேற்று எங்கள் ஆட்டோ வாட்ஸப் குரூப்பில் மாமாவின் மச்சினர் கேட்டிருந்தார். அஞ்சலி ஃப்ளெக்ஸ் அடிக்கத் தெளிவான போட்டோ யாரிடமாவது இருக்கிறதா என்று. வீட்டில் இருந்தது ஆதார் கார்டு படமும், நிறம் போன கல்யாணப் படமும்தான்.

முதலில் பதில் போட்டது நான். என்னிடம் நிறைய இருந்தன. எல்லாவற்றிலும் கழுதைக்காது.

"எடிட் பண்ணிக்கலாம் அங்கிள்" என்று நானே டைப் செய்தேன்.

ரப்பர் காதுக்குள் அவருடைய காது முழுதாக மறைந்திருந்தது. அதை அழித்ததும் காதே இல்லாத முகம். ஃப்ளெக்ஸ் கடைக்காரர் வேறு யாருடைய காதையோ எடுத்து ஒட்டி எனக்கு அனுப்பினார். நான் ஓகே சொன்னேன்.

சாயங்காலம் மாமா வீட்டை ஒட்டிய தெருமுனையில் கட்டி, ஃபோகஸ் லைட் போட்டிருந்தார்கள். கீழே இரண்டு பேர் நின்று பார்த்தார்கள்.

"ஏலே, லூர்துக்கு இது யாரு காதுடா? புது மாப்ள காது மாதிரி இருக்கு."

"போற எடத்துலயாச்சும் பொண்டாட்டி சொன்னது கேக்கட்டும்னு மாத்தி விட்டிருப்பாய்ங்க."

அடக்கிக்கொண்டுதான் சிரித்தார்கள். நான் வீட்டு வாசல் பக்கம் நகர்ந்தேன்.

மாமாவின் மனைவி ஜெயா அத்தை வெளியே வந்தார். வெகுநேரம் பார்த்தார்.

"இது அவுக காது இல்லையே பாப்பா. ஒரு காதுல மேல பிஞ்சிருக்குமே..."

உடனே கடைக்குப் போன் போட்டேன். "அதுக்கென்ன பாப்பா, எந்தக் காதுன்னு சொல்லு. செத்த நேரத்துல வேற பிரிண்ட் போட்டுத் தாரேன்" என்றார்.

எந்தக் காது?

எனக்குத் தெரியவில்லை. இத்தனை வருடம் என் முகத்துக்கு ஒரு முழம் முன்னால் இருந்த காது... நான் ஆட்டோவில் ஏறியதும் புத்தகத்தை விரித்துவிடுவேன். ரோடு முழுக்கப் பள்ளம். மற்ற பிள்ளைகள் லேட்டாகுது என்று கத்தினாலும் மாமா மெதுவாகத்தான் போவார். "இருங்கப்பு, பாப்பா படிக்குதுல்ல."

போனைக் காதிலிருந்து எடுக்காமல் அத்தையைப் பார்த்தேன். அவருக்கே புரிந்துவிட்டது.

"போன வையி. அவுக உள்ளதேன் இருக்காக. வந்ததுலருந்து நீ இன்னும் வந்து பாக்கவே இல்லையே பாப்பா."

ஆமாம். ஃப்ளெக்ஸ் வேலையாகவே அலைந்துகொண்டிருந்தேன். உள்ளே போகவே இல்லை.

அத்தை தன் தம்பியைக் கூப்பிட்டு, "அந்த லைட்ட அமத்தச் சொல்லுடா" என்றார். பிறகு என் கையைப் பிடித்துக் கூட்டிப்போனார்.

கண்ணாடிப் பெட்டிக்குள் மாமா. தாடையைச் சுற்றிக் கட்டிய வெள்ளைத் துணிக்கு மேலே காதின் பிய்ந்த நுனி தெரிந்தது.

இடது காது.

போய் வாருங்கள் மாமா.

வெளியே லைட்டை அணைத்துவிட்டார்கள்.